மூன்றாம் படத்தில் சுண்ணாம்பு

வினாயகமூர்த்திக்கு எதையும் இலக்கம் போட்டுச் செய்தால்தான் கை ஓடும். தூரிகைகளுக்கு இலக்கம், பிலிம் சுருள்களுக்கு இலக்கம், தன் சந்தேகங்களுக்குக்கூடக் கொப்பியின் கடைசிப் பக்கத்தில் இலக்கம். தில்லைமுனைக்கு வந்து பதினோரு நாளாவதற்குள் அந்தப் பக்கத்தில் இருபத்தாறு சந்தேகங்கள் சேர்ந்திருந்தன. முதலாவது, ‘இந்த வேலைக்கு நான் ஏற்ற ஆளா?’ அதற்கு நேரே பதில் எழுத விட்ட இடம் வெறுமையாகவே கிடந்தது.

அவன் நாவற்குடாக்காரன். மட்டக்களப்புப் பட்டினத்தில் சித்திர மாஸ்டர். கொழும்பில் படித்த காலத்தில் பழகிய ஒரு கலைச் சங்கத்தார், சாவி முறுக்கி ஓட்டும் சினிமாக் கமரா ஒன்றையும் நான்கு சுருள் பிலிமையும் அவனை நம்பிக் கொடுத்திருந்தார்கள். கதை ஏதும் கட்ட வேண்டாம், கலகம் நடந்த இடத்தில் இப்போது என்ன இருக்கிறதோ அதை உள்ளபடி பிடித்துக்கொண்டு வா என்பது அவர்கள் சொல்லி அனுப்பியது.

ஊரார் ஆறு என்று சொல்லும் வாவியின் இந்தக் கரையில் தில்லைமுனை, முஸ்லிம்கள் ஊர். அந்தக் கரையில் கண்டல்துறை, தமிழர் ஊர். நடுவே கூப்பிடு தூரத் தண்ணீர். ஏழு வருஷத்துக்கு முந்திய மாரியில், முப்பத்தோராம் ஆண்டு, வெள்ளம் ஏறிக் கண்டல்துறையாரின் வட்டை வயல்கள் முழுவதும் விளைந்த பயிரோடு நீருக்குள் போனது. மணல்மேட்டை வெட்டி முகத்துவாரத்தைத் திறந்தால் வெள்ளம் கடலுக்கு ஓடிவிடும். ஆனால் தில்லைமுனையார் நம்பியிருந்த இறாலும் அதோடு ஓடிவிடும். இன்றைக்கே வெட்டு என்றார்கள் அவர்கள். இன்னும் பத்து நாள் பொறு என்றார்கள் இவர்கள். மண்வெட்டி மணலில் விழுவதற்கு முன் மனிதர் மேல் விழுந்தது. மூன்று நாள் நடந்தது. ஒரே சந்தையில் பக்கத்துப் பக்கத்தில் பாய் விரித்து விற்றவர்கள், ஒருவரையொருவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டு வெட்டினார்கள். இரண்டு கரையிலும் வீடுகள் எரிந்தன. ஒன்பது பேர் போனார்கள். ஆறு உடல்கள் கிடைத்தன, மூன்று கிடைக்கவில்லை. அன்றிலிருந்து அந்தக் கூப்பிடு தூரத்தை ஒருவரும் தோணியில் கடப்பதில்லை. போக வேண்டிய அவசியம் வந்தால் பாலத்தைச் சுற்றி நாலு மைல் தெருவால் போவார்கள்.

எரிந்த சுவர்களைக் கமராவில் பிடித்து முடித்த பிறகு, கிடைக்காத மூன்று பேர் வினாயகமூர்த்தியின் மனதில் தங்கிவிட்டார்கள். அவர்களுக்கு ஒரு போட்டோகூட இல்லை. அவன் தனக்குத் தெரிந்த வழியில் தொடங்கினான். சொந்தக்காரர் சொல்லச் சொல்லக் கரியால் ஆளைப் படமாகக் கீறினான். கீறியதை எதிர்க்கரைக்குக் கொண்டுபோய்க் காட்டினான். சொந்தக் கரைக்கு அந்த ஆளை உயிரோடு தெரியும். கடைசியாகக் கண்டது எதிர்க்கரைதானே. இவனை யார் என்ன செய்தது என்று கேட்டால் ஒருவரும் வாய் திறக்கமாட்டார்கள். பொலிஸ் விசாரணையில் அப்படிக் கேட்டுத்தான் ஒன்றும் நடக்கவில்லை. அவன் அதைக் கேட்கவில்லை. “இந்தப் படத்தில என்ன பிழை?” என்று மட்டும் கேட்டான். அடுத்தவன் கீறிய படத்தில் பிழை கண்டால் மனிதர்களால் சும்மா இருக்க முடிவதில்லை.

முதலாம் இலக்கப் படம் கண்டல்துறைச் சீனித்தம்பியின் தம்பி. அதைத் தில்லைமுனையில் காட்டியபோது ஒரு மீன்காரர், “மீச இவ்வளவு அடர்த்தி இல்ல” என்று விரலை வைத்துக் காட்டினார். பிறகு தன் விரலையே பார்த்தார். சந்தைக்கு நேரமாகிறது என்று எழுந்து போனார். சந்தை அன்றைக்கு இல்லை.

மூன்றாம் இலக்கத்துக்குரியவர் தில்லைமுனை உசனார். கலகத்தின் மூன்றாம் நாள் காலை, எல்லாம் அடங்கிவிட்டது என்று நம்பி, அக்கரையில் கட்டியிருந்த வலையை எடுத்துவரத் தோணியில் போனவர். இரண்டு நாள் கழித்துத் தோணி மட்டும் கண்டல் வேர்களுக்கிடையில் கிடந்தது. அவருடைய மனைவி ஆசியா உம்மாவுக்கு இப்போது நாற்பது வயதிருக்கும். தன் தம்பி முகைதீன்பாவாவின் வீட்டில், தறியில் சாரன் நெய்துகொண்டிருந்தாள். வினாயகமூர்த்தி பெட்டி படுக்கையோடு தங்கியிருந்தது அந்த வீட்டின் முன்கொட்டிலில்தான்.

படம் கீறக் கேட்டபோது அவள் கதவுக்குப் பின்னால் நின்று சொன்னாள்: “முகம் வேணாம் தம்பி. முதுகக் கீறுங்க.”

முகைதீன்பாவா சிரித்தான். “ராத்தா, மாஸ்டர் கொழும்புக்குப் போய் முகம் கீறப் படிச்ச மனிசன். முதுகு கீறுறதுக்குச் செவரு பூசுற ஆளே போதும்.”

“நீ வாயப் பொத்து. உன்ட முகத்தக் கீறச் சொன்னா மாஸ்டர் கமராவையும் உட்டுட்டு ஓடிருவார்.”

முகம் கீறுவது மார்க்கத்துக்கு ஆகாது என்பதால் சொல்கிறாள் என்று அவன் நினைத்தான். கொப்பியிலும் அப்படியே எழுதிக்கொண்டான். அவள் சொன்ன விபரங்களோ தையல்காரனுக்கு அளவு சொல்வதுபோல இருந்தன. இடது தோள் ஒரு விரல்கடை தாழ்வு. வலது கால் தோணியின் விளிம்பில். ஊன்றுகிற கம்பு இரண்டு கையிலும், தலைக்கு மேலே. தலை இடப்பக்கம் சரிந்து, யாரோ கூப்பிட்டதைக் கேட்டும் கேட்காததுபோல.

அவளுக்கு வேண்டியது ஒன்றுதான். உசனார் மௌத்தா, ஹயாத்தா, இறந்தாரா இருக்கிறாரா என்று தெரிய வேண்டும். மௌத்து என்றால் இத்தா இருக்க வேண்டும்; நாலு மாதமும் பத்து நாளும் அந்நிய ஆண்கள் கண்ணில் படாமல் வீட்டுக்குள் அடங்கியிருந்து, அவருக்காகக் கத்தம் ஓதி, அவரை அனுப்பிவைக்க வேண்டும். மௌத்து என்று தெரியாமல் எப்படி இருப்பது? உயிரோடிருக்கிற ஆளுக்குக் கத்தம் ஓதினால் அது சாபம். ஏழு வருஷமாகப் பள்ளிவாசல் லெப்பை ஒரே வார்த்தைதான் சொல்லியிருந்தார்: கண்ணால் கண்ட ஒருத்தன் சொல்ல வேண்டும். அவள் பெண்சாதியும் இல்லை, கைம்பெண்ணும் இல்லை. பின்னேரம் அஸர் தொழுததும் துறைக்குப் போய், பொழுதுபட்டு மஃரிபுக்குப் பாங்கு சொல்லும்வரை தண்ணீரைப் பார்த்துக்கொண்டு நிற்பாள்.

அந்த நிற்றல்தான் தன் சினிமாப் படத்தின் உயிர் என்று வினாயகமூர்த்தி கண்டுகொண்டான். முகம் விழாமல் பின்னாலிருந்து மட்டும் பிடிப்பதாக வாக்குக் கொடுத்து, அவளிடம் சம்மதம் வாங்கினான். ஒருநாள் பிடித்தும் விட்டான். ஆனால் அன்றைக்கு வெளிச்சத்தைப் பிழையாகக் கணித்துவிட்டானோ என்ற சந்தேகம் இருபத்தேழாம் இலக்கமாகக் கொப்பியில் ஏறியது. இன்னொரு தரம் பிடிக்க வேண்டும். கடைசிச் சுருளில் அதற்கு மட்டும் பிலிம் மிச்சமிருந்தது.

மறுநாள் காலை, மூன்றாம் படத்தைத் தகரக் குழாயில் சுருட்டிப் போட்டுக்கொண்டு, சைக்கிளில் பாலத்தைச் சுற்றிக் கண்டல்துறைக்குப் போனான்.

சீனித்தம்பி முற்றத்தில் கயிறு திரித்துக்கொண்டிருந்தார். ஐம்பது வயது, வட்டைக்குள் காய்ந்த உடம்பு. பக்கத்தில் வெற்றிலைத் தட்டம். வேலியில், மீன் குத்தும் மண்டா ஒன்று துருப்பிடித்துச் சாத்தியிருந்தது.

“வாங்க வாத்தியார். கோயில் திரை கீறுவீங்களோ? எங்கட அம்மன்ட திரை கிழிஞ்சு போச்சு. போன முறை கீறினவன் புலியப் பூனையாக்கிப்போட்டான். அம்மன் பூனைக்கு மேல இருந்து அருள்பாலிக்கிறா.”

“அண்டைக்கு நீங்கதான் கள்ளுக் குடுத்துக் கீறப்பண்ணின நீங்க,” என்றாள் அவர் மனைவி கண்ணகை, உள்ளே அடுப்பை ஊதிக்கொண்டே. “புலி வருமா?”

வினாயகமூர்த்தி சிரித்துவிட்டுப் படத்தை விரித்தான். கண்ணகை வந்து எட்டிப் பார்த்தாள். “இதென்ன, முன்பக்கம் விலைப்பட்டுட்டுதோ? முதுகு மட்டும் இரிக்கு.” சொல்லிவிட்டு அடுப்புக்குத் திரும்பினாள்.

சீனித்தம்பி படத்தைப் பார்த்தார். கயிறு மடியிலிருந்து நழுவியது. வெற்றிலைக்குத் தடவ எடுத்த சுண்ணாம்பு விரல் நுனியில் இருந்தது, அதை மறந்துபோனார்.

“இதில என்ன பிழை, அண்ணன்?”

“சாரன மடிச்சுக் கட்டல்ல,” என்றார் மெதுவாக. “நனைஞ்சு தொடையோட ஒட்டியிருந்திச்சு. கால் சரி. தலை சரிஞ்சிரிக்கிறதும் சரி.” படத்தின் மேல் குனிந்தார். பிழை திருத்துகிற ஆசை அவரையும் விடவில்லை. “இது இல்ல இதில. இஞ்ச.”

இடது தோளுக்குக் கீழே, முதுகெலும்புக்குச் சற்றுத் தள்ளி விரலை ஊன்றினார். கரி பூசிய முதுகில் வெள்ளையாக ஒரு பொட்டு விழுந்தது.

“இஞ்ச என்ன, அண்ணன்?”

அவர் விரலைத் தூக்கிப் பார்த்தார். பிறகு வேலிப் பக்கம் பார்த்தார். வினாயகமூர்த்தியும் பார்த்தான். மண்டாவின் முனைகளில் ஒன்று முறிந்திருந்தது.

“கூப்பிட்டனான்,” என்றார் சீனித்தம்பி. “பேரச் சொல்லித்தான் கூப்பிட்டன். ரெண்டு நாளைக்கு முந்தி என்ட தம்பியக் காணல்ல. இவன் வலைய ஏத்திக்கொண்டு வீட்ட போறான். திரும்புவான் எண்டு நிண்டன். திரும்பியிருந்தா முகத்தப் பார்த்திருப்பன். சின்னனில ஒண்டா நீந்தின முகம். பார்த்திருந்தா…” அதோடு நிறுத்திவிட்டார். பிறகு அவர் கேட்ட கேள்விக்கு வினாயகமூர்த்தி தயாராக இருக்கவில்லை.

“கால் வெச்ச மாதிரி, தலை சரிஞ்ச மாதிரி, இதெல்லாம் உனக்கு ஆர் சொன்ன?”

“அவர்ட பெண்சாதி.”

“பொய். அந்த நேரம் ஆத்துல அவனும் நானும்தான். அவன் நிண்ட நிலைய என்ட கண்ணுதான் கண்ட.”

சைக்கிளில் திரும்பி வரும் நாலு மைலும் வினாயகமூர்த்தி அதைப் படிப்படியாகப் பிரித்துப் பார்த்தான். உசனார் வலையை ஏற்றிக்கொண்டு வீட்டுக்குத் திரும்பியிருக்கிறார். அப்படியானால் அவருடைய முதுகு கண்டல்துறைப் பக்கம். முகம் தில்லைமுனைப் பக்கம். அந்த நேரம் ஆசியா உம்மா துறையில் நின்றிருந்தாலும் முகத்தைத்தான் கண்டிருப்பாள். அவள் நிற்கவும் இல்லை. வீட்டில் தறியில் இருந்தாள் என்று முகைதீன்பாவா சொல்லியிருக்கிறான். பிறகு அந்த முதுகு அவளுக்கு எங்கிருந்து கிடைத்தது? இதற்கு இலக்கம் போட அவன் கை வரவில்லை.

அன்று பின்னேரம் அவளிடம் சொல்லியிருக்க வேண்டும். வானம் மூடிக் கிடந்தது, பிலிம் பிடிக்க வெளிச்சமில்லை. சொன்னால் அவள் அந்த நிமிஷமே இத்தாவுக்குள் போய்விடுவாள், பிறகு துறையில் நிற்கமாட்டாள், படம் உயிரில்லாமல் போய்விடும். ஒரு நாள்தானே என்று தனக்குச் சொல்லிக்கொண்டான். ஏழு வருஷம் பொறுத்தவளுக்கு ஒரு நாள். தகரக் குழாயைத் தலைமாட்டில் வைத்துப் படுத்தான். அவள் உள்ளே தறியில் நாடா எறிகிற சத்தம் வெகுநேரம் கேட்டது. தான் யோசிப்பது அவளுக்குக் கேட்டுவிடுமோ என்று மூச்சைக்கூட அடக்கிக்கொண்டு கிடந்தான்.

மறுநாள் அஸருக்குப் பிறகு வானம் வெளித்தது. வாவி கண்ணாடிபோல, ஒரு அலை இல்லாமல் கிடந்தது. ஆசியா உம்மா துறையில், முக்காட்டை இழுத்துவிட்டு, வழக்கமான இடத்தில் நின்றாள். பத்தடி பின்னால் அவன் முக்காலியை ஊன்றினான். சாவியை முறுக்கினான். சின்னக் கண்ணாடித் துவாரத்தில் கண்ணை வைத்துப் பொத்தானை அழுத்தினான். கமரா தும்பி பறப்பதுபோல இரைந்தது.

அவளுடைய முதுகு தெரிந்தது. அவளுக்கு அப்பால் தண்ணீர். தண்ணீரில் ஒரு தோணி, தூரமாகப் போய்க்கொண்டிருந்தது. வலது கால் விளிம்பில். கம்பு தலைக்கு மேலே. இடது தோள் ஒரு விரல்கடை தாழ்வு.

கண்ணை எடுத்தான். வாவியில் ஒன்றும் இல்லை. ஒரு நீர்க்காகம் மட்டும் கம்பொன்றில் இறக்கை விரித்து உலர்த்திக்கொண்டிருந்தது. சாவி ஓடி முடிந்து கமரா நின்றது.

“கண்டீங்கதானே,” என்றாள் ஆசியா உம்மா, திரும்பாமலே.

அவன் மறுபடியும் தண்ணீரைப் பார்த்தான்.

“ஒவ்வொரு நாளும் போறார். இந்தக் கரையில இருந்து பாக்கிறன், முதுகுதான் தெரியிது. ஊட்ட வாற மனிசன்ட முதுகு எப்படித் தம்பி தெரியும்? அதனாலதான் முதுகக் கீறச் சொன்ன. அது ஒண்டத்தான் நான் காணுறன். முகம் எப்படி இருந்திச்சுன்னு கேட்டா எனக்கே இப்ப மறந்திட்டு.”

அவன் தகரக் குழாயை எடுத்தான். “ராத்தா, நான் உங்களுக்கு நேத்தே தந்திருக்க வேணும்.”

முகத்தைப் பார்க்காமல் பக்கவாட்டில் நின்று படத்தை நீட்டினான். அவள் வாங்கி விரித்தாள். வெள்ளைப் பொட்டைக் கண்டாள். தொடவில்லை.

“இத நான் சொல்லல்ல.”

“இல்ல.”

“கண்டவன்ட விரலா?”

“ஓம். ஆர் எண்டு…”

“பேரச் சொல்லாதீங்க.” குரல் சற்றும் உயரவில்லை. “பேரு இந்தக் கரைக்கு வந்தா நெருப்பும் கூட வரும். முகைதீன்பாவா பகிடி பேசுவான், ஆனா அவன்ட கத்தி இன்னமும் கூரையிலதான் இரிக்கி. எனக்கு ஆள் வேணாம். கண்ட கண்ணு ஒண்டு வேணும், அது கெடச்சிட்டு.” படத்தைச் சுருட்டி மார்போடு வைத்துக்கொண்டாள். “நேத்துத் தந்திருக்கலாம்தான். போய் உங்கட வேலையச் செய்யுங்க. நான் இன்னொருக்காப் பாத்திட்டு வாறன்.”

வெட்கத்தோடு அவன் கமராவிடம் போனான். பிடிக்கக் கூடாது என்று ஒரு மனம் சொன்னது. கை அதற்குள் சாவியை முறுக்கிவிட்டது. துவாரத்தில் கண்ணை வைத்தான்.

தோணி நின்றிருந்தது. கம்பு கீழே இறங்கியிருந்தது. தாழ்ந்த இடது தோள் மெல்ல அசைந்தது, பின்பக்கம் கூப்பிடுகிற ஒருவருக்குத் திரும்புவதுபோல. காதின் விளிம்பு தெரிந்தது. தாடையின் ஓரம் தெரிந்தது.

வினாயகமூர்த்தி கண்ணை எடுத்து இறுக மூடிக்கொண்டான். கமரா தன்பாட்டில் இரைந்துகொண்டிருந்தது. அந்த இரைச்சலுக்குள் அவளுடைய காலடிச் சத்தம் மணலில் அவனை நோக்கி வந்தது, அவனைக் கடந்தது.

“வந்திட்டார்,” என்றாள், போகிற போக்கில், அடுப்பில் சோறு கிடக்கிறது என்று சொல்வதுபோல.

மஃரிபுக்கு முன் அவள் உள்ளறைக்குப் போனாள். வாசலில் வெள்ளைச் சீலை தொங்கியது. முகைதீன்பாவா பள்ளிவாசலுக்குப் போய் லெப்பையிடம் கேட்டுக்கொண்டு வந்து, சீலைக்கு இப்பாலிருந்து சொன்னான்: “ராத்தா, மௌத்தான நாள்ல இருந்துதான் இத்தாக் கணக்காம். அது எப்பவோ முடிஞ்சிட்டாம். நீங்க இரிக்கத் தேவல்லயாம்.”

உள்ளிருந்து பதில் வந்தது: “அவர் எண்டைக்கு மௌத்தானாருன்னு லெப்பைக்குத் தெரியுமா? நேத்தும் அவர் ஆத்துல போனார். இண்டைக்குத்தான் வந்தவர். இண்டையிலிருந்து எண்ணு.”

முகைதீன்பாவா விரல் விட்டு எண்ணத் தொடங்கினான்.

வினாயகமூர்த்தி அடுத்த நாள் ஊருக்குப் புறப்பட்டான். பாலத்தடியில் கண்ணகை மரக்கறிக் கடகத்தோடு வந்துகொண்டிருந்தாள். சைக்கிளை மறித்தாள்.

“என்னத்தக் காட்டினீங்க வாத்தியார்? நேத்துப் பின்னேரம் தொடங்கி இந்த மனிசன் முழங்கால் தண்ணியில போய் நிக்கிறார். என்னெண்டு கேட்டா, ஆரோ முதுகக் காட்டிக்கொண்டு போறானாம், கூப்பிட்டாலும் திரும்புறானில்லையாம். அங்க ஒரு காகமும் இல்ல.”

பிலிம் பம்பாய்க்குப் போய்க் கழுவி வர ஆறு கிழமை ஆனது. நாவற்குடாவில் தன் அறையின் வெள்ளைச் சுவரில், ஒருவரையும் கூப்பிடாமல் ஓட்டிப் பார்த்தான். எரிந்த சுவர்கள் வந்தன. வெளிச்சம் பிழை என்று பயந்த முதல் நாள் காட்சி வந்தது, ஒரு பிழையும் இல்லை. அந்த ஒரு நாள் தாமதத்துக்குத் தேவையே இருந்திருக்கவில்லை. பிறகு கடைசித் துண்டு. அவளுடைய முதுகு, தண்ணீர். அவள் திரும்பத் தொடங்கினாள். முக்காட்டின் ஓரம் விலகியது.

அவன் விளக்கை அணைத்தான். இருட்டில் தடவி, அவள் திரும்பத் தொடங்கிய இடத்திலிருந்து வால் வரைக்கும் வெட்டி எடுத்து, ஒரு சிகரட் டின்னில் போட்டு மூடினான். மறுநாளே தில்லைமுனைக்குக் கொண்டுபோனான்.

வெள்ளைச் சீலைக்கு இப்பால் நின்று சொன்னான்: “ராத்தா, உங்கட முகம் இதில விழுந்திட்டு. வாக்குத் தந்தபடியால் கொண்டு வந்த நான்.”

முகைதீன்பாவா டின்னை வாங்கிச் சீலைக்குக் கீழால் உள்ளே தள்ளினான்.

“என்ட முகம் மட்டுமா, அவர்டதும் இரிக்கா?” என்றாள்.

“நான் வெளிச்சத்தில பிடிச்சுப் பார்க்கல்ல.”

டின் மூடியை நகம் தொட்டுப் பார்க்கிற சத்தம் வந்தது, திறக்கிற சத்தம் வரவில்லை. பிறகு பெட்டகத்தின் கனத்த மூடி எழும்பியது, விழுந்தது.

“இத்தாவுக்கு இன்னும் எண்பத்தேழு நாள் இரிக்கி,” என்றாள் ஆசியா உம்மா. “முடியட்டும்.”